ஒரு பானை கூடுதல்

மார்ச் 3, ஞாயிறு

காலையிலேயே தனம் அக்கா போன் செய்தாள்.

"இந்திராணி, இருபத்தஞ்சாந் தேதி பங்குனி உத்திரம். வேன் சொல்லியாச்சு. நீயும் மோனிஷாவும் சும்மா வந்தாப் போதும். அரிசி, வெல்லம்னு எதையும் தூக்கிக்கிட்டு அலையாத. வெறுங்கையோட வா."

எவ்வளவு அன்பாகச் சொன்னாள்! கேட்கிறவர்கள், இப்படி ஒரு ஓரகத்தி கிடைக்கக் கொடுத்து வைத்திருக்க வேண்டும் என்பார்கள். எனக்கோ அந்த 'வெறுங்கை' காலையிலிருந்து தொண்டையில் நிற்கிறது.

எங்கள் குலதெய்வம் ஓடைக்கரை அய்யனார். சாத்தூரிலிருந்து வேனில் ஒரு மணி நேரம். பங்குனி உத்திரத்துக்குப் பங்காளிகள் அத்தனை பேரும் அங்கே கூடுவார்கள். வீட்டுக்கு ஒரு பானை. கோயிலுக்கு முன்னால் வரிசையாக அடுப்புக் கூட்டிப் பொங்கல் வைப்போம். பானை இருந்தால் அது ஒரு வீடு. பானை இல்லையென்றால் நீ யார் வீட்டோடோ வந்தவள், அவ்வளவுதான். அதன் பிறகு பத்திரிகை வைப்பது, மொய் எழுதுவது, கோயில் கூட்டத்துக்குச் சொல்லி விடுவது எல்லாம் அந்தக் கணக்கில்தான் நடக்கும்.

போன வருஷம் என் வீட்டுக்காரர் தவறிய துக்கம், நாங்கள் போகவில்லை. இப்போது வருஷம் திரும்பிவிட்டது. அப்புறம் ஏன் வெறுங்கை?

இதையெல்லாம் போனிலேயே கேட்டிருக்கலாம். "சரிக்கா" என்றேன். எனக்குக் கோபம் எப்போதும் போனை வைத்த பிறகுதான் வரும்.

மார்ச் 5, செவ்வாய்

எங்கள் மாவு மில்லில் நல்ல கூட்டம். கோடை வருகிறதல்லவா, ஊரே பொடி அரைக்கிறது. காலையில் மல்லி மட்டும் ஓட்டினேன், மிளகாயை மத்தியானத்துக்கு மேல் வைத்துக்கொண்டேன். காலையில் பரீட்சைக்குக் கிளம்பிய மோனிஷா மில் வாசலில் நின்று, "அம்மா, அழுதியா?" என்றாள். மிளகாய் நெடிடி, நீ கிளம்பு என்றேன்.

மார்ச் 9, சனி

பெரியத்தான் வந்தார். பால்ச்சாமி, தனம் அக்காவின் வீட்டுக்காரர், அவருடைய கூடப்பிறந்த அண்ணன். தம்பி போனதிலிருந்து மில்லுக்குள் கால் வைப்பதில்லை. படிக்குக் கீழே நின்றுதான் பேசுவார். பேசும்போது என்னையும் பார்க்க மாட்டார், தம்பி உட்கார்ந்திருந்த ஸ்டூலையும் பார்க்க மாட்டார். மோட்டாரைப் பார்த்துப் பேசுவார்.

"ஏம்மா, உத்திரம் முடியட்டும். மில்லை வாடகைக்கு எடுக்க ஒரு ஆளு பார்த்துருக்கேன், நல்ல பையன். நீங்க ரெண்டு பேரும் நம்ம வீட்டு மாடிக்கு வந்துருங்க. எந் தம்பி புள்ள தனியா கெடக்கணும்னு என்ன தலையெழுத்து?"

"பாப்போம் அத்தான்."

"பாக்குறதுக்கு என்ன இருக்கு? வேன்ல எடம் சொல்லியாச்சு."

வேனுக்கும் மில்லுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கத் தோன்றியது. சம்பந்தம் இருக்கிறது. உத்திரத்தன்று அவர் பானையில் எனக்கும் சேர்த்து அரிசி போட்டுவிட்டால், மறுநாள் மாடிக்குப் போக மாட்டேன் என்று நான் எந்த வாயால் சொல்வது? பங்காளிகள் அத்தனை பேரும் பார்த்திருப்பார்களே.

கெட்ட மனுஷன் என்றால் நான்கு வார்த்தை கேட்டுவிடலாம். இவர் நல்லவர். நல்லவரை எதிர்த்துச் சண்டை போடுவது எப்படி என்று எனக்கு யாரும் சொல்லித் தரவில்லை.

ஆனாலும் ஒன்று முடிவு செய்துவிட்டேன். என் பானை வரிசையில் இருக்கும். எழுதிவிட்டேன், இனி மாற்ற முடியாது.

மார்ச் 14, வியாழன்

பானையை மீட்டுக்கொண்டு வந்தேன்.

என் அம்மா வீட்டுச் சீராக வந்த பித்தளைப் பானை. போன வருஷம் துக்கத்துக்கு வந்த இடத்தில், "இங்க தூசி அடையுது" என்று தனம் அக்காதான் எடுத்துப்போய் அவள் வீட்டுப் பரணில் வைத்தாள். சாயங்காலம் மில்லைச் சாத்திவிட்டுப் போனேன். காபி கொடுத்தாள். முறுக்கும் கொடுத்தாள். முறுக்கு நன்றாகத்தான் இருந்தது.

"அக்கா, என் பானையைக் கொஞ்சம் எடுத்துத் தாங்க."

"எதுக்குடி?"

"களிம்பு ஏறிருக்கும். புளி போட்டுத் தேச்சு வைக்கலாம்னு."

"நானே தேச்சு வைக்கிறேன், உனக்கு மில்லு வேலையே ஆளக் கொல்லுது."

"இல்லக்கா, குடுங்க."

அக்கா என்னைப் பார்த்தாள். அவளுக்குப் புரிந்துவிட்டது. அவள் மட்டும் என்ன, கூடத்தில் காலை நீட்டி உட்கார்ந்திருந்த அத்தைக்கும் புரிந்துவிட்டது. என் மாமியார். மாமா போன பிறகு பெரிய மகன் வீட்டோடு இருக்கிறார்.

அத்தை என்னைக் கூப்பிடவில்லை. சுவரைப் பார்த்துச் சொன்னார்: "உங்க மாமா போன வருசத்தோட நான் பான வைக்கிறத விட்டுட்டேன். எனக்கு என்ன கொறஞ்சு போச்சு? மகன் பானையில சாப்பிடல?"

தனம் அக்கா ஸ்டூலைப் போட்டு ஏறினாள். பரணிலிருந்து பானையை இறக்கி, அவளே முந்தானையால் தூசியைத் துடைத்து, என் கையில் கொடுத்தாள். "பஸ்ல நசுங்கிறாம பாத்துக்கோ" என்றாள்.

வழி முழுக்க மடியில் வைத்துக்கொண்டே வந்தேன். கண்டக்டர், "என்னக்கா, சீர் வரிசையா?" என்றார். "ஆமாப்பா, எனக்கு நானே செய்றேன்" என்றேன்.

மார்ச் 15, வெள்ளி

யாரும் போன் செய்யவில்லை. பானை பளபளவென்று இருக்கிறது.

மார்ச் 22, வெள்ளி

மோனிஷாவுக்கு இன்றோடு பரீட்சை முடிந்தது. தூங்கி எழுந்து வந்து அடுப்படி நிலையில் சாய்ந்து நின்றாள்.

"அம்மா, நாம தனியாப் பொங்கல் வைக்கப் போறோமா?"

"யாரு சொன்னா?"

"பானை சொல்லுது. தினமும் அதையே தேச்சுக்கிட்டு இருக்க."

"ஆமா, வைக்கப் போறோம்."

"பெரியப்பா ஏதாவது சொன்னா?"

"சொல்லட்டும்."

"அவர் ஒண்ணும் சொல்ல மாட்டாரும்மா. யாருமே ஒண்ணும் சொல்ல மாட்டாங்க. நம்ம வீட்ல அதானே வழக்கம்."

என் வயிற்றில் பிறந்தவள்தானா என்று சில நேரம் சந்தேகம் வருகிறது. அவள் அப்பாவும் இப்படித்தான் ஒரே போடாகப் போடுவார்.

மார்ச் 24, ஞாயிறு

பச்சரிசி, பாசிப்பருப்பு, வெல்லம், ஏலக்காய், தேங்காய், வெற்றிலை பாக்கு. ஒரு கட்டுப் பனையோலை, கொஞ்சம் சுள்ளி. தீப்பெட்டி இரண்டு. 'நாளை மில் விடுமுறை' என்று அட்டையில் எழுதிக் கதவில் மாட்டிவிட்டேன்.

பயமாக இருக்கிறதா என்றால், இருக்கிறது. அதற்கு என்ன செய்ய?

மார்ச் 25, திங்கள்

வந்து சேர்ந்தோம். உடம்பு அடித்துப் போட்டதுபோல் வலிக்கிறது. நாளை எழுதுகிறேன்.

மார்ச் 26, செவ்வாய்

இன்று மில்லில் ஆள் வரத்து கம்மி. உட்கார்ந்து எழுத நேரம் இருக்கிறது.

வேன் எங்கள் தெருமுனைக்கு வந்தபோதே நான் பானையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றேன். பெரியத்தான் முன்சீட்டிலிருந்து பார்த்தார். ஓலைக்கட்டையும் பார்த்தார். டிரைவரிடம், "ஓலையை மேல போட்டுக் கட்டுப்பா" என்று மட்டும் சொன்னார்.

ஒரு மணி நேரப் பயணம். என் மடியில் பானை. எனக்கு எதிரே அத்தை. ஒருவர்கூடப் பானையைப் பற்றிப் பேசவில்லை. தனம் அக்கா இந்த வருஷம் வெள்ளரிப் பிஞ்சு கசக்கிறது என்றாள். ஆமாம் என்றேன். வெயில் ஜாஸ்தி என்றாள். ஆமாம் என்றேன். பிறகு வெள்ளரிப் பிஞ்சுக்கே திரும்பப் போனாள். பாவம், அவளும் எதைத்தான் பேசுவாள்? மோனிஷா ஜன்னல் பக்கம் திரும்பிச் சிரித்துக்கொண்டிருந்தாள். அவளைக் கிள்ளினேன்.

கோயிலில் எங்களுக்கு முன்னாலேயே பாதிப் பேர் வந்து அடுப்புக் கூட்டிவிட்டார்கள். கரிசல் பூமி, ஓடையில் ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை, வெயில் மண்டையைப் பிளந்தது. மொத்த இடத்துக்கும் நிழல் என்று ஒரே ஒரு வேப்பமரம். அதன் அடியில் பாய் விரித்திருக்கும். பானை இல்லாதவர்கள் அங்கேதான் உட்காருவார்கள், வயதானவர்கள், புருஷன் இல்லாதவர்கள். அத்தை நேராக அங்கே போனார். பங்காளி வீட்டுச் சின்னம்மா ஒருத்தி என் கையைப் பிடித்தாள்.

"நீயும் அங்கிட்டுப் போயி உக்காருத்தா. எதுக்கு வெயில்ல நிக்க?"

இத்தனை வருஷமும் நான் இதே வெயிலில்தான் பொங்கல் வைத்தேன். அப்போது ஒருவரும் நிழலுக்குப் போகச் சொன்னதில்லை.

"பொங்க வைக்கணும் சின்னம்மா" என்றேன். கையை விட்டுவிட்டாள்.

பெரியத்தான் மண்வெட்டியால் அவர் அடுப்புக்குக் குழி வெட்டினார். அதற்கு அடுத்த இடம் எப்போதும் எங்களுடையது. நான் கல் பொறுக்கப் போய்த் திரும்பி வந்தபோது, அந்த இடத்தில் புல்லைச் செதுக்கி மண்ணைச் சமமாக்கி விட்டிருந்தார்கள். யார் என்று பார்க்கவில்லை. அவர் மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடைப் பக்கம் போய்க்கொண்டிருந்தார். எனக்கு முகம் கொடுக்கப் பிடிக்காமல் போகிறார் என்று நினைத்தேன்.

மூன்று கல்லை வைத்துப் பானையை ஏற்றினேன். தீ பிடிக்கவே இல்லை. ஓடைக் காற்று நேராக என் அடுப்பில்தான் வந்து விழுந்தது. குச்சி குச்சியாக அணைந்தது. மோனிஷா துப்பட்டாவை விரித்து மறைத்தாள், துப்பட்டா நுனியில் பிடித்த தீ அடுப்பில் பிடிக்கவில்லை. வரிசையில் மற்ற பானைகள் எல்லாம் சூடாகிக்கொண்டிருந்தன. எல்லோரும் பார்க்கிறார்கள், ஒருவரும் பார்க்காத மாதிரி. அய்யனாரே, உனக்கும் நான் வைப்பது பிடிக்கவில்லையா, சொல்லிவிடு என்று வாய்விட்டே சொல்லிவிட்டேன்.

அப்போது வேன் உறுமியது. பெரியத்தான்தான் டிரைவருக்குக் கை காட்டி, "வா, வா, இன்னும் வா" என்று வரவழைத்து, என் அடுப்புக்கு ஓடைப் பக்கமாகக் குறுக்கே நிறுத்தச் சொன்னார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. அந்தப் பக்கம் இருக்கிற பங்காளிகள் கண்ணில் நான் படக்கூடாதாம், மறைக்கிறாராம்! மறைத்தால் மறைத்துக்கொள்ளட்டும் என்று ஆத்திரத்தோடு ஒரு குச்சியைக் கிழித்துப் போட்டேன். ஓலை குப்பென்று பற்றியது. அதற்குப் பிறகு அணையவே இல்லை.

பானை பொங்கியது. கிழக்குப் பக்கம்தான் வழிந்தது, நல்ல சகுனம். ஆனால் குலவை இல்லை. எந்தப் பானை பொங்கினாலும் பெண்கள் குலவை போடுவார்கள், அது யாரும் சொல்லி வருவதில்லை. என் பானை நுரைத்து வழிகிறது, ஒரு சத்தம் இல்லை. நான் போடலாமா கூடாதா என்று எனக்கே தெரியவில்லை. மோனிஷா போடப் பார்த்தாள், அது இருமலாகத்தான் வந்தது. அந்த நேரம் பார்த்துத் தனம் அக்கா கிணற்றடியிலிருந்து குடத்தோடு வந்தாள். பொங்குகிற பானையைப் பார்த்தவுடன் அவள் நாக்கு நிற்குமா? அந்த வட்டாரத்திலேயே அவள் குலவைக்குப் பேர். குடத்தை இறக்காமலே போட்டாள் பாருங்கள், ஓடை முழுக்கக் கேட்டது. போட்டு முடித்த பிறகுதான் யார் பானை என்று பார்த்தாள். பார்த்துவிட்டு, வந்தது வரட்டும் என்று இன்னொரு தடவையும் போட்டாள்.

பூஜைக்கு எல்லாப் பானையையும் சந்நிதி முன்னால் இறக்கி வைத்தோம். பூசாரி பேர் சங்கிலி, வயது எண்பது இருக்கும். ஒவ்வொரு பானைக்கும் ஒரு தேங்காய் உடைப்பார். உடைப்பதற்கு முன் அந்த வீட்டு ஆளின் பேரைக் கூப்பிடுவார். அந்த ஆள் "இருக்கேன் சாமி" என்று பதில் சொல்ல வேண்டும். பேர்கள் எல்லாம் அவருக்கு மனப்பாடம், வரிசை மாறாது.

"பால்ச்சாமி!"

"இருக்கேன் சாமி" என்றார் பெரியத்தான்.

தேங்காய் உடைந்தது. பூசாரி அடுத்த தேங்காயை எடுத்து, எத்தனையோ வருஷப் பழக்கத்தில் கூப்பிட்டார்.

"குமரேசன்!"

ஒரு வருஷமாக அந்தப் பேரை என் முன்னால் யாரும் சொன்னதில்லை. அவரு என்பார்கள், தம்பி என்பார்கள், உங்க வீட்டுக்காரு என்பார்கள். மைதானத்துக்கே கேட்கிற மாதிரி அந்தப் பேர் வந்து விழுந்தது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இதை யாரிடமும் சொல்ல முடியாது, இங்கே எழுதி வைக்கிறேன். அவர் பக்கத்தில் எங்கேயோ நின்று அடுத்த நிமிஷம் பதில் சொல்லிவிடுவார் என்றுகூட ஒரு கணம் தோன்றியது.

பூசாரிக்கும் தப்பு தெரிந்துவிட்டது, தேங்காயோடு அப்படியே நின்றார். மூத்தவர் என்ற முறையில் பெரியத்தான்தான் சொல்ல வேண்டும், அவன் இல்லை சாமி, இனி எங்க பானையோடதான் என்று. அவர் வாயைத் திறந்தார். சத்தம் வரவில்லை. இந்த ஒரு வருஷத்தில் அந்த மனுஷன் முகத்தை நான் அப்போதுதான் நேராகப் பார்த்தேன்.

"இருக்கேன் சாமி" என்றேன்.

மோட்டார் சத்தத்துக்கு மேலே கத்திக் கத்திப் பழகிய தொண்டை. வேப்பமரத்தடி வரைக்கும் போயிருக்கும்.

"யாருத்தா அது?"

"குமரேசன் சம்சாரம்."

"அது தெரியுது. பானை யாரு பானை?"

"என் பானை."

"அப்ப உன் பேரச் சொல்லு. அய்யனாரு காத்துக்கிட்டு இருக்காருல்ல, வெயிலு வேற."

"இந்திராணி."

பூசாரி தொண்டையைச் செருமிக்கொண்டு, "இந்திராணீ!" என்று கூப்பிட்டார். என் பேரை யாரும் இவ்வளவு சத்தமாகக் கூப்பிட்டுக் கேட்டதில்லை. பள்ளிக்கூடத்தில் கேட்டிருப்பேன். மறுபடியும் பதில் சொன்னேன். தேங்காய் உடைந்தது. பூசாரி அடுத்த பேருக்குப் போய்விட்டார். அவ்வளவுதான் நடந்தது. இதற்கா மூன்று வாரமாகத் தூங்காமல் கிடந்தேன்!

சாப்பிட உட்கார்ந்தபோது பெரியத்தான் இலையோடு என் பானைக்கு முன்னால் வந்து நின்றார். "கொஞ்சம் வை." வைத்தேன். நின்றபடியே ஒரு வாய் தின்றார்.

"வெல்லம் கம்மி."

"அவருக்கு அப்படித்தான் பிடிக்கும்."

"தெரியும்" என்றார். இலையில் ஒரு பருக்கை மிச்சம் வைக்கவில்லை.

அத்தை மட்டும் என் பொங்கலைத் தொடவில்லை. மரத்தடிக்கே கொண்டுபோய்க் கொடுத்தேன். பசியில்லை என்றார். திரும்பி வரும்போது வேனில் முகத்தை ஜன்னல் பக்கம் வைத்துக்கொண்டார், சாத்தூர் வருகிற வரைக்கும் திருப்பவில்லை. இறங்கும்போது வருகிறேன் என்றேன், கேட்காத மாதிரி போய்விட்டார். கோபம். இருக்கட்டும். எல்லோரையும் ஒரே நாளில் சம்மதிக்க வைக்க நான் என்ன அய்யனாரா?

மார்ச் 28, வியாழன்

பெரியத்தானுக்கு நானே போன் செய்தேன். மில்லை வாடகைக்கு விடவில்லை, மாடிக்கும் வரவில்லை, நானே ஓட்டுகிறேன் என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன்.

"பெல்ட்டு பழசாயிருச்சு. நல்லதா ஒண்ணு மாத்திரு. நாளைக்கு ஆள அனுப்புறேன்."

"சரி அத்தான்."

அவர் வைத்த பிறகும் போனைக் காதிலேயே வைத்துக்கொண்டிருந்தேன்.

மார்ச் 30, சனி

பத்து மணிக்கு அத்தை மில்லுக்கு வந்தார். தனியாக, பஸ் ஸ்டாப்பிலிருந்து வெயிலில் நடந்து. கையில் பையும் இல்லை, அரைக்க எதுவும் இல்லை. சண்டை போடத்தான் வந்திருக்கிறார் என்று நினைத்து மோட்டாரை நிறுத்தினேன். ஸ்டூலைக் காட்டி, "உக்காருங்கத்தை" என்றேன். மகன் உட்கார்ந்திருந்த ஸ்டூலைத் தடவிப் பார்த்துவிட்டு உட்கார்ந்தார்.

"அன்னைக்கு நான் சாப்பிடலன்னு உனக்குக் கோவமா?"

"எனக்கு என்ன கோவம்? உங்களுக்குத்தான்."

"எனக்குக் கோவந்தான். உம்மேல இல்ல." முந்தானையால் நெற்றி வேர்வையைத் துடைத்தார். "தனம் வைக்கிறாளே, பெரிய பானை. அது யாருதுன்னு நெனச்ச?"

"அக்காவோட சீர்னு..."

"என்னுது. உங்க மாமா போன வருசம், நீங்க எதுக்கும்மா இனி செரமப்பட்டுக்கிட்டுன்னு மகன் கேட்டான். எடுத்துக்கோன்னுட்டேன். அன்பாத்தான் கேட்டான். அன்பாக் கேட்டா என்னத்தச் சொல்ல? அத்தன வருசமா அந்த மரத்தடியில உக்காந்து எம் பானை பொங்குறதப் பாத்துக்கிட்டு இருக்கேன். இருக்கேன் சாமின்னு ஒரு சத்தம் போட எனக்குத் தோணவே இல்லையேடி."

தண்ணீர் கொடுத்தேன். முழுச் சொம்பையும் குடித்தார்.

"அக்காகிட்ட நான் பேசவா அத்தை? பானையைத் திருப்பி வாங்கி..."

"ஒண்ணும் வேணாம். அது அவளுக்குப் பழகிருச்சு. நீ மில்லச் சாத்து, பாத்திரக் கடைக்குப் போவோம்."

அரைபட்டுக்கொண்டிருந்த மாவுக்கு உரியவளை மத்தியானம் வரச் சொல்லிவிட்டுக் கதவைச் சாத்தினேன். கடையில் அத்தை ஒவ்வொரு பானையாகச் சுண்டிப் பார்த்தார், தூக்கிப் பார்த்தார், கழுத்தைத் தடவிப் பார்த்தார். கடைக்காரருக்குப் பொறுமை போய்விட்டது. கடைசியில் சின்னதாக, கனமாக ஒன்றை எடுத்தார்.

பேர் வெட்டுகிறவர் உளியை எடுத்துக்கொண்டு கேட்டார்: "யாரு பேரு வெட்டணும் பாட்டி, மகன் பேரா?"

"எம் பேரு. வெள்ளைத்தாய்னு வெட்டு" என்றார் அத்தை. "எழுத்த நல்லாப் பெருசா வெட்டுப்பா. எங்க பூசாரிக்கு வயசாச்சு, அவருக்குத் தெரியணும்."